கோபித்துக்கொண்டு போக ஒரு வீடு

ஹாங்காங்கில் லிஃப்டுக்குள் முன்பின் தெரியாத ஆள் நம்மிடம் வாயைத் திறந்தால் அது அநேகமாக வீட்டைப் பற்றித்தான் இருக்கும். "கெய் தோ செக்?" என்பார்கள். எத்தனை அடி என்று அர்த்தம். வந்த புதிதில் ஒரு கிழவி இப்படிக் கேட்டபோது நான் என் உயரத்தைச் சொல்லிவிட்டேன். கிழவி என்னை ஏற இறங்கப் பார்த்துவிட்டுத் தன் தளம் வந்ததும் தப்பித்தேன் என்று இறங்கிப் போனாள். அவள் கேட்டது நான் குடியிருக்கும் வீட்டின் சதுர அடியை. எங்கள் காயல்பட்டினத்தில் இப்படிக் கேட்க மாட்டார்கள். "எந்தத் தெரு, யார் வூட்டுப் பிள்ளை?" என்பார்கள். அதற்குப் பதில் சொன்னாலே அடியும் கணக்கும் அவர்களுக்குத் தெரிந்துவிடும்.

எங்கள் ஊர் வழக்கத்தை வெளியாட்களுக்குச் சொன்னால் நம்ப மாட்டார்கள். அங்கே கல்யாணம் ஆனால் பெண் வீட்டைவிட்டுப் போவதில்லை, மாப்பிள்ளைதான் பெண் வீட்டுக்கு வருவார். வீடு பெண்ணின் பெயரில்தான் இருக்கும். வாப்பா கொழும்புக் கடையில் காலெல்லாம் வீங்க நின்று எங்கள் இருவருக்கும் ஒரே வீட்டைக் கட்டினார். கீழ்வீடு தங்கச்சி ஜெய்னம்புக்கு, மாடி எனக்கு. என் கல்யாணத்துக்குச் சற்று முன்னால்தான் மாடி எழும்பியது. கொஞ்ச நாள் அதன் முன்னறையில் மட்டும் புதுப்பெண்ணாக இருந்தேன், விசா வந்தது, பூட்டிவிட்டு வந்தவள்தான். லீவுக்குப் போனாலும் கீழே உம்மாவோடும் தங்கச்சியோடும்தான் படுக்கை.

எட்டாம் வகுப்போடு நிறுத்தப்பட்ட எனக்குப் படிப்பு என்றால் கடலை மடித்த காகிதத்தைக்கூட விடாத பசி. எங்கள் கட்டடத்துக்குப் பக்கத்துச் சமூகக்கூடத்தில் ஞாயிறு மத்தியானம் பெண்கள் வாழ்வைப் பற்றி இலவச வகுப்பு என்று கேள்விப்பட்டதும் போய் உட்கார்ந்தேன். நடத்துபவர் மிஸ் லாம், கல்லூரியில் பாடம் சொல்பவர், நல்ல மனுஷி. எனக்குப் பக்கத்து நாற்காலி ஆ லிங்குக்கு. எங்கள் கட்டடத்தின் படிகளைக் கழுவுகிறவள். அவளும் நானும் உடைந்த ஆங்கிலத்தில் பேசிக்கொள்வோம். உடையாத ஆங்கிலம் பேசுகிறவர்களைவிட எங்களுக்குள் நன்றாகவே புரிந்தது.

அன்று மிஸ் லாம், உங்கள் ஊரில் வீடு யாருக்குப் போகும் என்று ஒவ்வொருவரையும் கேட்டுக்கொண்டு வந்தார். ஆ லிங் ஹாங்காங்கின் வடக்கே நியூ டெரிட்டரீஸ் பக்கத்துப் பழைய கிராமத்துக்காரி. அங்கே 'திங் உக்' என்று ஒன்று உண்டாம். அந்தக் கிராமத்து வம்சத்தில் பிறந்த ஆண் ஒவ்வொருவனுக்கும் ஊரில் ஒரு வீடு கட்டிக்கொள்ளும் உரிமை. பெண்ணுக்குக் கிடையாது. "என் தம்பி பிறந்த அன்றே அவனுக்கு ஒரு வீடும் பிறந்துவிட்டது. நான் பிறந்தபோது நான் மட்டும்தான் பிறந்தேன்" என்றாள். அடுத்து என் முறை. எங்கள் ஊரில் வீடு பெண்களுக்குத்தான் என்றேன். அறையே திரும்பிப் பார்த்தது. மிஸ் லாம் 'மேட்ரியார்க்கி', அதாவது பெண்ணாட்சி, என்று பலகையில் பெரிதாக எழுதி அடிக்கோடு போட்டார். யாரோ கைதட்ட மற்றவர்களும் தட்டினார்கள். "நான் உங்கள் ஊரில் பிறந்திருக்கலாம்" என்று ஆ லிங் என் முழங்கையைப் பிடித்துக்கொண்டாள். எனக்கும் மனசு குளிர்ந்துபோனது, பொய் சொல்வானேன். ஊரையே என் தோளில் தூக்கி வைத்துக் காட்டியதுபோல வீட்டுக்கு நடந்து வந்தேன்.

அந்த வெள்ளிக்கிழமை வழக்கம்போல ஊருக்கு வீடியோவில் கூப்பிட்டேன். ஜும்ஆ முடிந்து ஆண்கள் சாப்பிட உட்காரும் நேரம். உம்மா போனைத் தண்ணீர்க் குடத்தின்மேல் சாய்த்து வைத்திருந்தாள். பாய் விரித்து, நடுவில் தாலம் என்ற பெரிய தட்டை வைத்து, தங்கச்சி மாப்பிள்ளை உட்கார்ந்திருந்தார். அவர் பெயரை எழுத எனக்குக் கை வரவில்லை. துபாயிலிருந்து திரும்பி வந்தவர், மனசு வந்தால் தூத்துக்குடித் துறைமுகத்தில் ஒரு கிளியரிங் ஏஜெண்டிடம் வேலைக்குப் போவார், வராவிட்டால் இல்லை. அவருக்கு ஜெய்னம்பு கறி வைத்துக்கொண்டிருந்தாள். இடது கையால். வலது கை முழங்கைவரை மாவுக்கட்டில் இருந்தது. கரண்டி இடது கையில் ஆட, ஆணக் குழம்பு பாயில் ஒரு சொட்டு விழுந்தது. அவர் நிமிர்ந்து பார்க்காமலே, "பாத்து வை" என்றார். வைத்தாள். எலும்பை உறிஞ்சும் சத்தம் கடல் தாண்டி என் அடுப்படிவரை கேட்டது. அடுப்பிலிருந்த என் சோற்றை அன்று நான் தொடவில்லை.

"பாத்ரூம்ல வழுக்கி வுழுந்துட்டா" என்றாள் உம்மா, நான் கேட்கும் முன்னாலேயே.

பாத்ரூமும் இல்லை, வழுக்கலும் இல்லை. சாப்பிட்டு அவர் படுத்தபிறகு ஜெய்னம்பு பின்வாசல் முடுக்கில் நின்று சொன்னாள். முடுக்கு என்றால் எங்கள் ஊரில் வீடுகளுக்குப் பின்னால் பெண்கள் மட்டும் நடந்துபோகும் சந்து. தூத்துக்குடியில் ஒரு சின்னப் பள்ளிக்கூடத்தில் அவளுக்கு டீச்சர் வேலை கிடைத்திருக்கிறது. முதல் நாள் பஸ்ஸுக்குப் பையை எடுத்திருக்கிறாள். "இந்தக் கையாலதான சாக்பீஸ் பிடிக்கப் போற" என்று கேட்டுவிட்டு முறுக்கியிருக்கிறார். கோபத்தில் இல்லையாம். சாவகாசமாகக் கேட்டுவிட்டு முறுக்கினாராம். அதைச் சொல்லும்போதுதான் அவள் அழுதாள். வலியைச் சொன்னபோது அழவில்லை.

ஊர்ப் பெரிய மனிதர்கள் இரண்டு பேர் விசாரிக்க வந்தார்கள். அவர்களுக்கும் பிரியாணி வைத்தாள் உம்மா. கட்டுப்போட்ட கையோடு பெண் கதவுக்குப் பின்னால் நிற்க, இவர்கள் முன்னறையில் பல்லுக்குத்திக்கொண்டு நியாயம் பேசினார்கள். "கை தானம்மா, கட்டுப் பிரிச்சா சரியாயிரும். பொம்பளைக்குப் பொறும வேணும்" என்றாராம் ஒருவர். மற்றவர் பிரியாணிக்கு உப்பு கூடிவிட்டது என்றாராம். இதை உம்மா என்னிடம் குறையாகச் சொல்லவில்லை, கௌரவமாக வந்துபோனார்கள் என்று சந்தோஷமாகச் சொன்னாள். எனக்குப் போனைக் கழுவவேண்டும்போல இருந்தது.

"உம்மா, அது அவ வூடு. அவரப் போவச் சொல்லு" என்றேன்.

"ஏளா, அறிவு கெட்டுப் போச்சா ஒனக்கு. நம்ம வூடுங்கறதாலதான் சொல்ல முடியல. அவரு வூடா இருந்தா இவளக் கூட்டிக்கிட்டு வந்திரலாம். நம்ம வூட்டுக்கு வந்த மாப்பிள்ளைய வாசல்ல எறக்கிவிட்டா ஊரு என்ன பேசும்? இவளுக்கும் ஒரு பொண்ணு இருக்கு. நாளைக்கு அதுக்கு எவன் இந்தப் படியேறி வருவான்? மாப்பிள்ளை பசியோட போனா வூட்டுக்கு முசீபத்துளா, கேடு வந்து சேரும்."

அடுத்த ஞாயிறு வகுப்பில் பலகை துடைக்கப்பட்டிருந்தது, ஆனால் என்னைப் பார்த்ததும் மிஸ் லாம் பழைய மகிழ்ச்சியோடு, போன வாரம் விட்ட இடத்திலிருந்து சொல்லுங்கள் என்றார். சொன்னேன். கையைச் சொன்னேன், கறியைச் சொன்னேன். "வீடு அவளுடையது என்றால் பூட்டை மாற்றிவிட்டால் போதுமே" என்றார். மாற்ற முடியாது, அவர் மாப்பிள்ளை என்றேன். மாப்பிள்ளைக்கு ஆங்கிலம் தேடினேன். ஹஸ்பண்ட் போதவில்லை. கெஸ்ட் என்றேன், பெரிய கெஸ்ட், எப்போதும் கெஸ்ட். மிஸ் லாம் இன்னும் தெளிவாகிவிட்டார். "விருந்தாளி என்றால் போகச் சொல்லிவிடலாமே." அறையில் எல்லோரும் தலையாட்டினார்கள். சட்டம் அவள் பக்கம் என்று இன்னொருத்தி சொன்னாள். அவர்கள் சொன்னதில் தப்பு ஒன்றுமே இல்லை. ஒன்றுமே தப்பில்லாத அந்தப் பேச்சு எங்கள் வீட்டுப் படிவரை வந்து அங்கேயே நின்றுகொள்கிறது, உள்ளே நுழையமாட்டேன் என்கிறது.

ஆ லிங் மட்டும் தலையாட்டவில்லை. வெளியே வந்ததும் கேட்டாள். "உன் தங்கைக்குக் கோபம் வந்தால் எங்கே போவாள்?"

கேட்டுவிட்டு ஆ லிங்கே தன் கதையைச் சொன்னாள். புருஷன் அடித்தபோது அவள் தம்பி வீட்டுக்குப் போனாளாம், அந்த திங் உக்குக்கு. தம்பி பெண்டாட்டி அடுப்படியில் பாய் போட்டாளாம், எப்போது கிளம்புவாய் என்று தினமும் சாப்பாட்டோடு சேர்த்துக் கேட்டாளாம். "ஆனாலும் தட்டுவதற்கு ஒரு கதவு இருந்தது. நான் போய்விட்டேன் என்று அவனுக்குத் தெரிந்தது. வந்து கெஞ்சினான். அதுவே போதும், நான் திரும்பிப் போகவில்லை."

எங்கள் பகுதியான கவ்லூனின் நடைபாதையில் அப்படியே நின்றுவிட்டேன். இத்தனை காலம் எனக்கு உறைக்காத சங்கதி. திருநெல்வேலிப் பக்கம் எந்த சாதி, எந்த மதத்துப் பெண்ணானாலும் புருஷன் வீட்டில் ஒன்று என்றால் பெட்டியைத் தூக்கிக்கொண்டு தாய்வீட்டுக்கு வருவாள். நாலு நாள் கழித்துத் திரும்பிப் போனாலும் அந்த நாலு நாள் அவளுடையது. ஜெய்னம்பு எங்கே போவாள்? அவள் இருப்பதே தாய்வீடு. வாப்பா எங்களுக்கு எல்லாம் கட்டிக்கொடுத்தார். கோபித்துக்கொண்டு போக ஒரு இடத்தை மட்டும் விட்டுவிட்டார். இதற்குத்தான் ஒரு அறை நிறையப் பெண்கள் கைதட்டினார்கள், நானும் வாங்கிக்கொண்டேன்.

ஜெய்னம்புக்கு யாரும் எடுத்துச் சொல்ல வேண்டியிருக்கவில்லை. அன்று மாலையே கூப்பிட்டாள். "ராத்தா, மாடிச் சாவிய எனக்குத் தரச் சொல்லு உம்மாட்ட. நான் மேல போய் இருந்துக்கிடுதேன்."

என் வீட்டுக்காரர் தப்பான ஆள் இல்லை. நான் விஷயத்தைச் சொன்னதும் சோபாவில் இருந்தபடியே, "நமக்கு எதுக்கு ஊர் வம்பு? அவுங்க புருஷன் பொண்டாட்டி இன்னைக்கு அடிச்சிக்குவாங்க, நாளைக்குக் கூடிக்குவாங்க" என்றார். பிறகு, "நான் யோசிச்சுச் சொல்லுதேன்" என்றார். அந்த வார்த்தைதான் என்னை அறைந்தது. மாடி என் பெயரில் இருக்கிறது. யோசிப்பது இவர். அதைவிடக் கேவலம், இவர் யோசித்து முடிக்கட்டும் என்று நானும் சட்டியைத் துலக்கிக்கொண்டு நின்றேன். என் கையிலிருந்த எண்ணெய்ப் பிசுக்கே எனக்கு அருவருத்தது. கைகூடக் கழுவாமல் போனை எடுத்தேன்.

உம்மா சாவியைத் தரமாட்டேன் என்றாள். "அவ மேல போயிட்டா கீழ மாப்பிள்ளைக்கு யாரு சோறு வைப்பா?"

"நீ வையி, இல்லாட்டி அவரே வச்சிக்கிடட்டும். போன ஜெய்னம்புட்ட குடு." அவள் வாங்கியதும் சொன்னேன். "பூட்ட ஒட, ஜெய்னம்பு. அது என் வூட்டுப் பூட்டு, நான் சொல்லுதேன்."

மகள் போனைப் பிடித்துக்கொண்டு பின்னால் வர, ஜெய்னம்பு அம்மிக்குழவியை இடது கையில் இடுக்கிக்கொண்டு வெளிப்படியேறிப் போனாள். முடுக்கில் நின்ற பெண்கள் அண்ணாந்து பார்த்தார்கள். "என்னளா, எதிர்வூட்டுக்கு மாங்கா ஒடைக்கப் போறியா?" என்று யாரோ கேலி பேசினார்கள். "இல்ல மாமி, குடி போறேன்" என்றாள். பூட்டின்மேல் முதல் அடி சறுக்கியது. கேலி பேசிய மாமியே ஏறிவந்து பூட்டைப் பிடித்துக்கொண்டாள். பூட்டு விழுந்தது. கீழேயிருந்து ஒரு ஆண் குரல், என்ன சத்தம், சாப்பாடு எங்கே என்று கேட்டது. ஜெய்னம்பு கதவைத் தள்ளினாள்.

உள்ளே தூசி. பாலிதீன் சுற்றிய கட்டில், பிரிக்காத பீரோ. ஜெய்னம்பு கட்டுப்போட்ட கையை நெஞ்சோடு அணைத்துக்கொண்டு அறை அறையாக நடந்தாள். அவள் எனக்கு என் வீட்டைச் சுற்றிக் காட்டிக்கொண்டிருந்தாள். "புழுங்குது ராத்தா" என்றாள். பின்னறை ஜன்னல் பெயிண்ட் ஒட்டிப்போய் இறுகிக் கிடந்தது. ஒருநாளும் யாரும் திறந்ததில்லை போலிருக்கிறது. இடது கையை அதில் ஊன்றிக்கொண்டு போனைப் பார்த்துக் கேட்டாள். "இதத் தெறந்தா என்ன தெரியும், கடலா, முடுக்கா?"

யோசித்துப் பார்த்தேன். என் ஜன்னல், என் பெயரிலிருக்கும் வீடு. எனக்குத் தெரியவில்லை. என் எதிரே கவ்லூன் ஜன்னலில் அடுத்த கட்டடத்தின் ஈரத்துணிகள் தெரிந்தன. வாடகை வீட்டிலிருந்து பார்க்கும் அந்தத் துணிகள் ஒவ்வொன்றும் யாருடையது என்று எனக்குத் தெரியும்.

"தெரியலளா. தெறந்து பாத்து நீ சொல்லு" என்றேன்.

அவள் தோளால் இடித்தாள்.