கை நனைத்த லட்சுமணசாமி

கோபிசெட்டிபாளையத்திலிருந்து அந்தியூருக்கு வழி கேட்பதென்றால் லட்சுமணசாமியிடம் மட்டும் கேட்டுவிடாதீர்கள். "கச்சாயம் சுடற கடை வருமுங்க, அதைத் தாண்டி எறங்கிக்குங்க. அங்கிருந்து மேக்கால நடந்தா, சந்தகைக்குத் தேங்காப்பால் தாராளமா ஊத்தற ஊடு ஒண்ணு இருக்குது. அதுக்கு எதுத்தாப்புல" என்பார். நாம் தேடிப் போனது அங்கே இருக்கிற வக்கீலை. வக்கீல் பெயர் அவருக்குத் தெரியாது. வக்கீல் வீட்டில் காபி சுமார் என்பது மட்டும் தெரியும்.

விடிவதற்குள் மாடுகளைக் கறந்து, பாலைச் சொசைட்டியில் ஊற்றிவிட்டு வருவார். மனைவி பத்மாவதி வைக்கிற காபியை நின்றபடியே ஒரு மடக்கில் இறக்குவார். வெள்ளைச் சட்டையை மாட்டிக்கொண்டு பஸ் ஏறிவிடுவார். காதுகுத்து, சீர், துக்கம் விசாரிப்பது, மாடு பார்ப்பது எதுவானாலும் சொந்த பந்தத்தில் முதல் ஆளாகக் கிளம்புகிறவர் அவர்தான். எல்லோரும் அதைப் பாசம் என்று நினைத்துக்கொண்டிருந்தார்கள். ஒருமுறை அந்தியூர்ச் சந்தைக்கு மாடு வாங்கப் போனவர், மாடு இல்லாமல் ஒரு தூக்குப்போசி நிறையக் கொள்ளுப் பருப்போடு திரும்பி வந்தார். மாடு சரியில்லையாம். பருப்பு மட்டும் அபாரமாம்.

"அடுத்தவங்க ஊட்டு அடுப்புலதான் இவருக்கு ருசி" என்று பத்மாவதி பாத்திரத்தைத் துலக்கியபடி சொல்வாள். அது அவர் காதில் விழுவதற்குள் பஸ் நாலு நிறுத்தம் தாண்டியிருக்கும்.

இப்படிப்பட்ட மனிதரைத்தான் மகள் நந்திதாவுக்கு மாப்பிள்ளை வீடு பார்க்க அனுப்பவேண்டி வந்தது. நந்திதா கோயம்புத்தூரில் ஒரு கம்பெனியில் வேலை பார்க்கிறாள். தரகர் நஞ்சப்பன் கொண்டுவந்த வரன் தனபால். பெரியநாயக்கன்பாளையத்தில் பம்பு செட் கம்பெனி வேலையை விட்டுவிட்டு, அந்தியூர்ப் பக்கம் சொந்த ஊரில் மாட்டுப்பண்ணை வைத்திருக்கிறான்.

பெண் வீட்டார் போய் உட்காரலாம், தண்ணீர் குடிக்கலாம், காபி கூடக் குடிக்கலாம். இலை போட்டுக் கை நனைத்துவிட்டால் மட்டும் சம்மதம் சொன்னதாகிவிடும். அதற்குப் பிறகு மாட்டேன் என்றால் அந்த வீட்டையே அவமானப்படுத்தியது போல. சின்னக் குழந்தைக்கும் தெரிந்த சங்கதி இது.

வாரக் கடைசிக்கு வந்திருந்த நந்திதா அப்பாவை வாசலில் நிறுத்தினாள். "அப்பா, ஊட்டப் பாருங்க, மாட்டப் பாருங்க, என்ன வேணாப் பாருங்க. கையை மட்டும் நனைச்சுராதீங்க. ஒருக்காக்கூடப் பேசிப் பாக்காத ஆளுக்கு நான் கழுத்த நீட்டமாட்டேன்."

"அட, எனக்குத் தெரியாதா கண்ணு" என்றார் லட்சுமணசாமி. உண்மையாகவே சொன்னார். பாவம், அப்போது அவருக்குப் பசிக்கவில்லை.

தனபாலின் அம்மா தெய்வாத்தாள் வாசலுக்கே வந்து வரவேற்றாள். தனபால் தீவனம் எடுக்கப் போயிருந்தான். தண்ணீர் வந்தது, குடித்தார். மோர் வந்தது. மோர் தண்ணீர்க் கணக்குத்தானே என்று அதையும் குடித்தார். காபி வந்தது. கறந்த பாலில் போட்ட காபி. தொட்டும் தொடாமல் குடிக்க நினைத்து, டம்ளரைக் கவிழ்த்துப் பார்க்கிற அளவுக்குக் குடித்தார். இதுவரைக்கும் பிசகில்லை. எழுந்திருக்கக்கூடச் செய்தார்.

அந்த நேரம் பார்த்துச் சமையலறையில் வெண்ணெய் உருக்கிக்கொண்டிருந்தார்கள். முருங்கைக்கீரை போட்டு உருக்குகிற வாசம் கூடத்துக்கு வந்தது. லட்சுமணசாமி உட்கார்ந்துவிட்டார்.

"ஏனுங்கண்ணா, உங்க நாக்கப் பத்தி நாலு ஊரு பேசுதுங்க. நெய் பதம் சரிதானான்னு ஒரு வார்த்த சொல்லிப்போடுங்க" என்றாள் தெய்வாத்தாள்.

நெய்யை வெறுமனே எப்படிப் பார்ப்பது? அரிசிம்பருப்புச் சோற்றில் ஊற்றிப் பார்த்தால்தானே தெரியும்? சோற்றை எதில் வைப்பது? இலை வந்தது. ஒப்புட்டு வந்தது. மறுசோறும் வந்தது. கூட வந்திருந்த தரகர் நஞ்சப்பன் பக்கத்தில் உட்கார்ந்து எல்லாவற்றையும் கண் இமைக்காமல் பார்த்துக்கொண்டிருந்தார். லட்சுமணசாமி எழுந்து கை கழுவும்போது, நஞ்சப்பன் வாசலில் நின்று போனில் பத்மாவதியிடம் சொல்லிக்கொண்டிருந்தார்: "கை நனைச்சாச்சுங்க. முடிஞ்சுதுங்க."

பஸ் ஊர் வந்து சேர்வதற்குள் பத்மாவதி பக்கத்து வீடுகளுக்கெல்லாம் சர்க்கரை கொடுத்து முடித்திருந்தாள். நந்திதா கூடத்தில் தரையைப் பார்த்து உட்கார்ந்திருந்தாள். லட்சுமணசாமி செருப்பைக் கழற்றாமல் நின்றார்.

"நெய் நல்லா இருந்துச்சுங்களாப்பா?"

அவர் செருப்பைக் கழற்றக் குனிந்தார்.

"நீங்க ஒரு வேளை ருசிச்சதுக்கு நான் ஆயுசு பூரா அங்க இருக்கோணுமாங்கப்பா?"

கத்தியிருந்தால் அவரும் பதிலுக்குக் கத்தித் தப்பித்திருப்பார். அவள் மெதுவாகத்தான் கேட்டாள். மனிதர் அன்றைக்கு ராத்திரிச் சோற்றைத் தொடவில்லை. பெற்ற மகளை ஒரு கரண்டி நெய்க்குக் கொடுத்துவிட்டு வந்தோமே என்று வெட்கமாக இருந்தது.

மறுநாள் சொசைட்டியில் பால் ஊற்றியதும் அந்தியூர் பஸ் ஏறினார். வழக்கமாக இறங்குகிற கச்சாயக் கடை நிறுத்தத்தில் அவர் இறங்காமல் உட்கார்ந்திருப்பதைப் பார்த்த கண்டக்டர், "ஒடம்புக்குச் சொகமில்லீங்களா?" என்று கேட்டார்.

தெய்வாத்தாள் செம்பு நிறையத் தண்ணீரோடு வந்தாள். லட்சுமணசாமி வாசற்படியிலேயே நின்றுகொண்டார். "தண்ணி கூட வேண்டாமுங்க அம்மிணி. நேத்து நான் சாப்பிட்டது சம்மதமில்லீங்க. எம்பட நாக்கு அப்படி. எம்புள்ளைக்கு இதுல இஷ்டமில்ல. பேசிப் பாக்காத ஆளக் கட்டிக்கமாட்டேன்னு அப்பவே சொன்னா. நான் நெய் வாசத்துல மறந்துபோட்டேன். மன்னிச்சுப்போடுங்க."

நாலு ஊர் மதிக்கிற நாக்கை இப்படித் தானே தரையில் போட்டு மிதித்துவிட்டு, வசவுக்காகத் தலைகுனிந்து நின்றார்.

தெய்வாத்தாள் செம்போடு படியில் உட்கார்ந்துவிட்டாள். "அப்பாடா" என்றாள். "எங்க தனபாலும் நேத்திருந்து மொகத்தத் தூக்கி வெச்சுட்டுத் திரியறானுங்கண்ணா. பேசிப் பாக்காத புள்ளைய எப்படிம்மா கட்டறதுங்கறான். வந்தவரு மறுசோறு வாங்கிச் சாப்ட்டுட்டாரு, இனி எந்த மொகத்துல வேண்டாங்கறதுன்னு நாங்க தூங்கவே இல்லீங்க."

இரண்டு பேரும் ஒருவரையொருவர் பார்த்துக்கொண்டார்கள். மரியாதை கெட்டுவிடக்கூடாது என்பதற்காகவே இரண்டு வீடுகள் கல்யாணம் வரைக்கும் போயிருக்கும். "இதுங்க ரெண்டும் ஒண்ணத்தானே சொல்லுதுங்க. ஒருக்காப் பேசித்தான் பாக்கட்டுமே" என்றாள் தெய்வாத்தாள். உள்ளே ஏதோ தாளிக்கிற வாசம் வந்தது. லட்சுமணசாமி விறுவிறுவென்று பஸ் நிறுத்தத்துக்கு நடந்தார்.

அடுத்த வாரக் கடைசியில் நந்திதாவும் தனபாலும் கோபியில் ஒரு பேக்கரியில் பார்த்துக்கொள்வதாக ஏற்பாடு. எந்தப் பேக்கரி என்று முடிவு செய்தது யார் என்று சொல்லவேண்டியதில்லை. "தேங்கா பன்னு சூடா இருந்தாச் சொல்லு கண்ணு, இல்லாட்டிப் பப்ஸ்" என்று பஸ் ஏற்றி அனுப்பினார். பிறகு வாசலுக்கும் கூடத்துக்குமாக நடந்தார்.

வெயில் தாழ்ந்து அவள் வந்ததும் பையன் எப்படி என்று கேட்கத்தான் வாயைத் திறந்தார். பழக்க தோஷம். "என்ன கண்ணு சாப்ட்டீங்க?" என்று வந்துவிட்டது.

"ஒண்ணும் சாப்பிடலீங்கப்பா."

லட்சுமணசாமிக்கு முகம் விழுந்துவிட்டது. கை நனைக்கவில்லை என்றால் என்ன அர்த்தம் என்று அவருக்கா தெரியாது? நல்ல குடும்பம், நல்ல நெய், போகட்டும். தெய்வாத்தாளிடம் பக்குவமாகச் சொல்லிவிட வேண்டும் என்று போனைத் தேடினார்.

"பேசிட்டே இருந்துட்டோம்" என்றாள் நந்திதா. "ரெண்டு தடவ காபி சொன்னோம். ரெண்டும் ஆறிப்போச்சு."

அப்போதுதான் மகளின் முகத்தைப் பார்த்தார். கையிலிருந்த போனை மெதுவாக மேஜைமேல் வைத்தார். இத்தனை ஊர் சுற்றியும், காபியை ஆறவிட்டு எழுந்து வருகிற அளவுக்கு என்னதான் பேசுவார்கள் என்று அவருக்குப் பிடிபடவில்லை.

பத்மாவதி உள்ளேயிருந்து சொன்னாள்: "உங்கப்பா எங்கிட்ட ஒரு நாளும் காபிய ஆறவிட்டதில்ல கண்ணு."