கழுத்தில் தொடங்குபவள்

நாங்கள் கல்யாணத்துக்கு விமானம் ஏறியது ஒரு வியாழக்கிழமை. காலை ஏழு மணிக்கு வேன் வாசலுக்கு வந்தது. ஏழரைக்குப் பெட்டி அக்கா ஆட்டோவில் வந்து இறங்கினாள். கையில் புதுச் சூட்கேஸ், தோளில் அவளுக்குப் பேர் வாங்கிக் கொடுத்த மேக்கப் தகரப் பெட்டி. காய்கறிக் கடைத் தராசில் நிறுத்துப் பார்த்து, எடை கூடிப் போனதால் தன் புடவைகளில் இரண்டை எடுத்து வைத்துவிட்டு வந்ததாகச் சொன்னாள். அவளுக்கு டிக்கெட் இல்லை என்பது அவளைத் தவிர அங்கே இருந்த எல்லோருக்கும் தெரியும். அதை அவளிடம் சொல்லியிருக்க வேண்டியவள் நான்.

நாலு வருடம் நாடு நாடாகச் சுற்றிவிட்டு வந்து, எந்த வேலையிலும் கால் தரிக்காமல் வீட்டில் கிடந்தேன். பெரியம்மா மகளுக்கு வெளிநாட்டில் கல்யாணம் என்றதும் மேக்கப்புக்கு ஆள் பிடிக்கும் வேலை என் தலையில் விழுந்தது. சும்மா ஊர் சுற்றியவள்தானே, அந்த ஊர் வெளிச்சத்துக்கு எது எடுபடும் என்று உனக்குத்தான் தெரியும் என்றாள் பெரியம்மா. அங்கே இருப்பவர்கள் நம் நிறத்துக்குப் பூசினால் சாம்பல் அப்பியது மாதிரி ஆகிவிடும், இங்கிருந்தே ஆளைக் கூட்டிப்போகலாம் என்று வீட்டில் முடிவாகியிருந்தது.

பதினோரு பேரைப் பார்த்தோம். ஒருத்தி எங்கள் பெண்ணின் முகத்தை நிமிர்ந்தே பார்க்காமல், தன் போனில் இருந்த வேறு முகங்களைக் காட்டிக்கொண்டிருந்தாள். பன்னிரண்டாவது ஆள்தான் பெட்டி அக்கா. ஜெராக்ஸ் கடை மாடியில் ஒற்றை அறை. ஒரு நாற்காலி, ஒரு கண்ணாடி, டியூப்லைட்டுக்கும் மஞ்சள் பல்புக்கும் தனித்தனி சுவிட்ச். பெண்ணை உட்காரவைத்ததும் அவள் முதலில் தொட்டது கழுத்தைத்தான்.

"முகத்த யார் வேணா பூசிடுவாங்க. கழுத்துதான் காட்டிக் குடுக்கும்."

பாதி முகத்துக்கு மட்டும் போட்டு, பெண்ணை ஜன்னலோரம் நிற்கவைத்து, இரண்டு பாதியையும் பார்க்கச் சொன்னாள். மண்டபத்தில் காலை பத்து மணிக்கு வெயில் எந்தப் பக்கம் வரும் என்று கேட்டவளும் அவள் ஒருத்திதான்.

பதினாலு வருடத் தொழிலில் அவள் ஒரு கல்யாணத்தையும் முழுதாகப் பார்த்ததில்லை. பெண் மேடைக்குப் போனதும் இவள் சமையல்கட்டு வழியாக வெளியேறிவிடுவாள். இந்தக் கல்யாணத்தில் ஓடவும் முடியாது, கடல் குறுக்கே கிடக்கும் என்று சொல்லிச் சிரித்தாள். அந்த மாதத்தில் வந்த வேறு கல்யாணங்களை விட்டுக்கொடுத்தாள். வாசல் பலகையில் 'மணப்பெண் அலங்காரம்' என்பதற்கு முன்னால் 'வெளிநாட்டு' என்று சிவப்பில் எழுதவைத்தாள். ஜெராக்ஸ் கடைக்காரர் அவளை 'ஏர்ஹோஸ்டஸ்' என்றே கூப்பிட ஆரம்பித்தார்.

மாப்பிள்ளையின் அக்கா அவளை வீடியோவில் பார்த்தாள். இவரை ஹோட்டலில் யாரோடு தங்கவைப்பது என்று மட்டும் கேட்டாள். அந்தக் குரல் எனக்குப் பிடிக்கவில்லை. பெட்டி அக்காவின் கைத்திறனைக் காட்டி அவள் வாயை அடைக்க நினைத்தேன். எங்கள் பெண்ணுக்காக அக்கா ஒரு தாளில் முகம் வரைந்து, எந்த இடத்தில் எந்த நிறம் என்று விரலாலேயே தேய்த்து, ஒன்றுக்கும் அடுத்ததற்கும் எத்தனை நிமிடம் விடவேண்டும் என்பதுவரை எழுதியிருந்தாள். அதைக் கேட்டு வாங்கிப் படமெடுத்து அனுப்பினேன்.

அரை மணியில் பதில் வந்தது. "சூப்பர். இத வெச்சு என் ஃப்ரெண்டே பண்ணிடுவா."

பெரியம்மா அன்றைக்கே பெட்டி அக்காவின் டிக்கெட்டை ரத்து செய்தாள். "கூட்டிட்டு வந்தவ நீ. நீயே பக்குவமா சொல்லிடு." ஆறு நாள் இருந்தது. தினமும் போனில் தட்டச்சு செய்தேன், தினமும் அழித்தேன். ஏஜென்ட் விசா வாங்கிக் கொடுத்த அவள் பாஸ்போர்ட் எங்கள் மேசை இழுப்பறையில் கிடந்தது.

வியாழக்கிழமை பெரியம்மா அதை எடுத்து வந்து, வாசலிலேயே விஷயத்தைச் சொல்லி அவள் கையில் கொடுத்தாள். பெட்டி அக்கா பாஸ்போர்ட்டைத் திறந்து விசாவைப் பார்த்தாள். பிறகு என்னைப் பார்த்தாள். நான் பெட்டிகளை எண்ணிக்கொண்டிருந்தேன்.

"வந்ததும் நல்லதாப் போச்சு. மாடியில செடிக்குத் தண்ணி ஊத்த ஆள் தேடிட்டிருந்தோம். பத்து நாள் நீ சும்மாத்தான இருப்ப?" என்று பெரியம்மா சாவியையும் நீட்டினாள்.

"எத்தன நாளைக்கு ஒரு தடவ ஊத்தணும்?" என்று கேட்டாள் பெட்டி அக்கா.

வேன் நகரும்போது அவள் கையை உயர்த்தி என் பக்கம் ஓடி வந்தாள். திட்டப்போகிறாள் என்று நினைத்தேன். ஜன்னல் கண்ணாடியை ஏற்றினேன்.

கல்யாணத்தன்று பத்து மணி வெயில் மேடையில் நேராக விழுந்தது. தாளில் இருந்தபடியே முகம் வந்திருந்தது, ஒரு குறையும் இல்லை. கழுத்து வேறொருத்தியுடையதாக இருந்தது. புகுந்த வீட்டுக் குழந்தைகள் எங்கள் பெண்ணுக்கு 'முகமூடி சித்தி' என்று பேர் வைத்தார்கள். அந்தப் பேர் இன்றும் போகவில்லை. கல்யாண ஆல்பத்தை அவள் வீட்டில் யாரும் திறப்பதில்லை.

நான் மறுபடி கிளம்பிவிட்டேன். மூன்று வருடம் கழித்து, வேறொரு நாட்டில் ஒரு பேருந்து நிலையத்தில் உட்கார்ந்து, பெட்டி அக்காவுக்கு நீளமாக மன்னிப்புக் கேட்டு எழுதினேன். கழுத்தைப் பற்றியும் சொன்னேன். பதினோரு நாள் கழித்து அவளிடமிருந்து பதில் வந்தது.

"கழுத்த நான் சார்ட்ல எழுதவே இல்ல பாப்பா. அது என் கைக்குத் தெரியும், அதனால தாள்ல ஏறல. வேன் கெளம்பறப்பதான் ஞாபகம் வந்துச்சு, சொல்லத்தான் ஓடி வந்தேன். நீ கண்ணாடிய ஏத்திட்ட. செடியெல்லாம் நல்லா இருந்துச்சுல்ல?"