அடிபம்பில் வந்த மஞ்சள் தண்ணீர்

முகப்பேரில் தண்ணீர் ஃபில்டர் மாட்டப் போன வீட்டில், சுவரில் பழைய முலாம் பட்டறை ஒன்றின் போட்டோ தொங்கியது. "நம்ம கம்பெனிதான்பா, அம்பத்தூர்ல. இருபது வருஷம் ஓட்டினேன்" என்றார் நாற்காலியில் உட்கார்ந்திருந்த வீட்டுக்காரப் பெரியவர்.

அந்தப் பட்டறைச் சுவரை ஒட்டித்தான் எங்கள் தெரு. ஓர் ஆடி மாதம் அடிபம்பில் தண்ணீர் மஞ்சளாக வந்தது. தங்கை காலில் புண் வந்ததும், "ஆத்தா வந்துகீறா, மஞ்சத் தண்ணியும் அவளே குடுக்கறா" என்று அம்மா கையெடுத்துக் கும்பிட்டாள். வேப்பிலை போட்டு அந்தத் தண்ணீரையே தினமும் தங்கைமேல் ஊற்றினாள். புண் எலும்பு வரை போனது. பட்டறைக் கழிவு என்று டாக்டர் சொன்ன நாளிலிருந்து சாகும்வரை அம்மா மஞ்சளைத் தொடவில்லை.

ஆத்தாவேதான் இன்று என்னை இவர் வீட்டுக்கு அனுப்பியிருக்கிறாள்.

எங்கள் பம்பில் இப்போதும் மஞ்சள்தான். ஃபில்டர் எப்படிச் சுத்தம் செய்கிறது என்று காட்ட, அந்தத் தண்ணீரில் ஒரு பாட்டில் எப்போதும் என் பையில் இருக்கும். இன்று அதை ஃபில்டரில் ஊற்றவில்லை. ஒரு வாளியில் கவிழ்த்து அவர் காலடியில் வைத்தேன்.

"உங்க கம்பெனித் தண்ணிதான் சார். காலை வைங்க."

அவர் இரண்டு காலையும் வெடுக்கென்று நாற்காலிமேல் தூக்கிக்கொண்டார்.

அப்படியென்றால், அது என்னவென்று தெரியாமல் இருந்தது என் அம்மாவுக்கு மட்டும்தான்.