படுத்த ஆடும் தூண்டில் முள்ளும்

சென்ற வாரம் விடுதி அறையில் ஒரு பழைய இசையைக் கேட்டேன். ஜப்பானிய டிவி விளையாட்டுகளை அழிந்துபோகாமல் சேமித்துவைக்கும் முகமறியா ஆர்வலர்கள் சிலர் இணையத்தில் ஏற்றியிருந்த ஒன்றை, பழைய விளையாட்டுப் பெட்டியைப்போல் இயங்கும் எமுலேட்டர் மென்பொருளில், மடிக்கணினியில் இயக்கியிருந்தேன். விளையாட்டின் பெயர் எனக்குப் புதிது, இசையோ தெரிந்தது. அதனோடு சூடேறிய பிளாஸ்டிக்கும் புளியும் கலந்த ஒரு வாசனையும் எழுந்தது.

புளிக்குக் காரணம் உண்டு. ஜவ்வாது மலையில், எங்கள் வீட்டுத் தொலைக்காட்சிக்குப் பக்கத்தில்தான் புளி மூட்டைகள் இருக்கும். போளூரில் அப்பா வாங்கிவந்த டிவி கேம் பெட்டி அவற்றின் மேல் கிடந்தது. மஞ்சள் கேசட்டின் மேல் கார் படம். உள்ளே காரே கிடையாது. வாளேந்திய ஒருவன் காடு காடாக நடந்தான். ஆட்டத்தை நிறுத்தும்போது திரையில் ஜப்பானிய எழுத்துகள் வரிசையாகத் தோன்றும். மறுநாள் அதே வரிசையை இட்டால்தான் விட்ட இடத்திலிருந்து தொடரலாம். முதலில் அவற்றை வரைந்துவைத்தேன். என் ஓவியத் திறனை விளையாட்டு ஏற்கவில்லை. ஆகவே அக்கா ஒவ்வோர் எழுத்துக்கும் ஒரு பெயர் வைத்தாள். அவள் திரையருகே நின்று சொல்லச் சொல்ல, நான் நோட்டில் எழுதினேன்: தூண்டில் முள், மலை, முயல் காது, படுத்த ஆடு.

அக்கா ஒன்பதாம் வகுப்புக்குப் போளூர் விடுதிக்குப் போனபோது, அந்த வாள்காரனைக் கடைசிக் கோட்டையின் வாசலில் நிறுத்தியிருந்தோம்.

"நீ தனியா ஆடாத. லீவுக்கு வர்றேன், சேந்து முடிச்சிக்கலாம்" என்றாள்.

அவள் வருவதற்குள், கரண்டு ஏறி இறங்கியதில் பெட்டி கருகிவிட்டது. நோட்டு மட்டும் என்னிடம் தங்கியது.

விடுதி அறையில் அந்த நோட்டைப் பிரித்தேன். இத்தகைய விளையாட்டுகளுக்காகவே ஜப்பானிய எழுத்துகளைக் கற்றவள் நான். கற்றதே வினையாயிற்று. எழுத்துகளைத் தேர்ந்து இடும் திரையில் எனக்கு அவற்றின் ஒலிகள் மட்டுமே தெரிந்தன, ஆட்டைக் காணவில்லை.

சந்தவாசலில் உரக்கடை வைத்திருக்கும் அக்காவுக்குத் திரையைப் படமெடுத்து அனுப்பிவிட்டு அழைத்தேன்.

"இன்னாடி, இவ்ளோ படிச்சிட்டு ஆடு தெரியலையா? நடுவுல பாரு, வால சுருட்டிக்கினு படுத்துனு கீது."

கடையில் யாரோ யூரியா கேட்டார். அவரை இருக்கச் சொல்லிவிட்டு, என்னை நோட்டு வரிசையை வாசிக்கவைத்து, ஒவ்வொன்றும் இருக்கும் இடத்தைச் சொன்னாள். கடைசி எழுத்தை இட்டேன். கோட்டை வாசலில் அவன் நின்றிருந்தான், விட்ட இடத்திலேயே.

"கீறானா?" என்றாள்.

"கீறான் அக்கா."

யூரியாவுக்கு அவள் விலை சொல்வது கேட்டது. பிறகு, "தனியா ஆடாத, ஞாயித்துக்கெழம வர்றேன்" என்றாள்.

இசை, காடு, கோட்டை யாவும் ஒரு புள்ளி குறையாமல் இருக்கின்றன. அவள் காட்டிய எழுத்தை மட்டும் வெகுநேரம் பார்த்திருந்தேன். அக்காவுக்கு அங்கே ஆடு இன்னும் படுத்திருக்கிறது. எனக்கு அது 'நு' என்று மட்டுமே ஒலிக்கிறது.