அடியாள் பிரயூனுக்கு ஒரு குளோசப்

சினிமாவில் பிரயூன் சாகாத சாவு கிடையாது. வாய்க்காலில் விழுந்து செத்திருக்கிறான். வைக்கோல் போரோடு எரிந்து செத்திருக்கிறான். கதாநாயகனின் துப்பாக்கி வெடிக்காதபோதும், படச்சுருள் வீணாகுமே என்று தானாகவே விழுந்து செத்திருக்கிறான். வில்லனுக்குப் பின்னால் நிற்கும் அடியாட்களில் இடது பக்கத்து ஆள் அவன்தான். போஸ்டரில் பேர் வராது. ஆனாலும் பாங்காக்கில் மலிவாகப் படம் எடுக்கிறவர் யாராக இருந்தாலும் முதலில் அவனுக்குத்தான் ஆள் அனுப்புவார். குதிரையிலிருந்து விழச் சொன்னால் எந்தப் பக்கம் என்று மட்டும் கேட்பான், அவ்வளவுதான்.

அந்தக் காலத்து மலிவுப் படங்களில் சத்தமும் கிடையாது. கேமரா உருவத்தை மட்டும்தான் பிடிக்கும். ஒவ்வொரு ஊர்த் தியேட்டரிலும் ஓர் ஆள் மைக் முன்னால் உட்கார்ந்துகொண்டு எல்லாருக்கும் அவனே குரல் கொடுப்பான். அதனால் படப்பிடிப்பில் வாய் அசைந்தால் போதும். பாதிப்பேர் வசனத்தைத் திரும்பிக்கூடப் பார்க்கமாட்டார்கள். கொலைவெறியோடு முறைத்துக்கொண்டே, மத்தியானச் சோற்றில் மீன் நாறியதைப் பற்றிப் பேசிக்கொண்டிருப்பார்கள். யாருக்குத் தெரியப்போகிறது?

ஒருத்திக்குத் தெரியும். சொந்த ஊரான பெட்சபுரியில் பனம்பழப் பணியாரம் விற்கும் அவனுடைய அக்கா லமாய். ஏழு வயதில் வந்த காய்ச்சலில் அவளுக்குக் காது போய்விட்டது. அன்றிலிருந்து உதட்டைப் பார்த்தே ஊர்ப்பேச்சு அத்தனையும் தெரிந்துகொள்வாள். சந்தையில் தள்ளி நின்று அவளைப் பற்றி முணுமுணுத்தவர்கள் நன்றாக வாங்கிக் கட்டிக்கொண்டிருக்கிறார்கள்.

அந்த அக்காதான் தம்பி முகத்தைப் பார்ப்பதையே நிறுத்திவிட்டாள். காரணம் இல்லாமல் இல்லை. அம்மா இறந்தாள். அவர்கள் வழக்கப்படி, சிதை எரியுமுன் மகன் தலையையும் புருவத்தையும் மழித்துப் பிக்குவாகக் காவி கட்ட வேண்டும். அந்தக் காவியின் ஓரத்தைப் பிடித்துக்கொண்டுதான் பெற்றவள் சொர்க்கம் போவாள். லமாய் காவித் துணி வாங்கி வைத்துவிட்டாள், விகாரையில் சொல்லியும் வைத்துவிட்டாள். பிரயூனுக்கோ அப்போதுதான் கொஞ்சம் பெரிய வேடம் கிடைத்திருந்தது, படமும் பாதிதான் முடிந்திருந்தது. நேற்றுவரை அடர்ந்த புருவத்தோடு முறைத்தவன் நாளைக்குப் புருவமே இல்லாமல் போய் நின்றால் வைத்துக்கொள்வார்களா? "படம் முடியட்டும்க்கா, அப்புறம் மழிச்சுக்கறேன்" என்றான். அம்மா, மகனின் காவி இல்லாமலே எரிந்துபோனாள். அவன் செய்தது தப்புதான், அதில் என்ன சந்தேகம்.

மற்றவர்கள் கோபித்துக்கொண்டால் கதவுக்கு வெளியே நின்றாவது கெஞ்சலாம். லமாய் முகத்தைத் திருப்பிக்கொண்டால் தீர்ந்தது. ஊருக்குப் போகும்போதெல்லாம் அவன் எதிரே போய் நிற்பான், அவள் அடுப்புப் பக்கம் திரும்புவாள். அவன் அடுப்புப் பக்கம் ஓடுவான், அவள் சுவர்ப் பக்கம் திரும்பிவிடுவாள். எழுதிக் காட்டலாமென்றால் அவள் பள்ளிக்கூடமே போனதில்லை. இப்படியே வருஷங்கள் ஓடின.

ஒருமுறை தலையைத் தொங்கப் போட்டுக்கொண்டு திரும்பியவனை, ஊர்த் தியேட்டரில் டிக்கெட் கிழிக்கும் சுவாய் வழியில் பிடித்துக்கொண்டார்.

"என்னடா, இன்னிக்கும் சுவத்தோடதான் பேசினியா?"

"விடுண்ணே. ஏற்கெனவே நொந்துபோயிருக்கேன்."

"ஆனா உன் படம் ஒண்ணு விடமாட்டா, தெரியுமா? முன் வரிசையில வந்து உக்காருவா. நீ செத்ததும் எழுந்து போயிடுவா. ஹீரோ ஜெயிச்சா என்ன, தோத்தா என்ன அவளுக்கு!"

பிரயூன் அப்படியே நின்றுவிட்டான். திரையைப் பார்த்து அவள் முகத்தைத் திருப்பிக்கொள்வதில்லை! அப்படியானால் அவனுக்கு வேண்டியது ஒரே ஒரு குளோசப்.

ஆசைப்பட்டால் ஆயிற்றா? அடியாளுக்கு எவன் குளோசப் வைப்பான்? அவன் போய்க் கேட்ட டைரக்டர்களெல்லாம் வயிறு குலுங்கச் சிரித்தார்கள். கடைசியில் விச்சியன் என்ற டைரக்டரின் படத்தில்தான் வழி பிறந்தது. ஒரே நேரத்தில் பல படங்களில் ஓடிக்கொண்டிருந்த கதாநாயகன் அன்றைக்கு வரவே இல்லை. வெயில் வீணாகிறதே என்று விச்சியன் புலம்பிக்கொண்டிருந்தார்.

"அண்ணே, சும்மாதானே உக்காந்திருக்கோம். நான் சாகறதைக் கிட்டக்க வெச்சு எடுங்களேன்."

"உன் மூஞ்சிய எவன்டா பார்ப்பான்?"

"எங்க அக்கா பார்ப்பா."

விச்சியன் அவனை ஏற இறங்கப் பார்த்தார். பிறகு கேமராவைக் கிட்டே கொண்டுவரச் சொன்னார்.

பிரயூன் நெஞ்சைப் பிடித்துக்கொண்டு மண்ணில் சாய்ந்தான், பேச ஆரம்பித்தான். "சீக்கிரம் சாவுடா, சோறு ஆறுது!" என்று யாரோ கத்த, எல்லாரும் சிரித்தார்கள். கொஞ்ச நேரத்தில் அந்தச் சிரிப்பும் அடங்கிவிட்டது. கஞ்சத்தனத்துக்குப் பேர்போன விச்சியன் 'கட்' சொல்ல மறந்துபோனார்.

மழைக்காலத்தில் அந்தப் படம் பெட்சபுரிக்கு வந்தது. ஞாயிற்றுக்கிழமை மத்தியானக் காட்சிக்குப் பிரயூனும் வந்து, அக்காவின் முகம் தெரிகிற மாதிரி பக்கச் சுவரை ஒட்டி நின்றான். அடியாள் குண்டடிபட்டு விழுந்தான். திரை முழுக்க அவன் முகம்.

குரல் கொடுப்பவன் ஒரு கணம் திணறிவிட்டு, "அடப் படுபாவி! பேயா வந்து உன் குரல்வளையைக் கடிப்பேன்டா!" என்று மைக்கில் அலறினான். கூட்டம் விசிலடித்தது.

திரையில் அசைந்த உதடு சொன்னது வேறு. "அக்கா, அம்மா போனப்போ நான் மழிச்சுக்கல. பயந்துட்டேன்க்கா. இதையும் விட்டுட்டா மறுபடி எவனும் கூப்பிடமாட்டான்னு பயந்துட்டேன். அம்மா முகம் தினமும் கண்ணுல நிக்குது. திட்டு, அடி, என்ன வேணா பண்ணு. ஒரு தடவை என்னைப் பாரு."

லமாயின் கையிலிருந்த வேர்க்கடலைப் பொட்டலம் சரிந்தது. திரையில் அடியாள் செத்தான். அவள் எழுந்தாள். நடைவழியில் வந்தவள் அவனைக் கண்டு நின்றாள். அவன் கண்ணை மூடிக்கொண்டான். திறந்தபோதும் அவள் திரும்பாமல் நேருக்கு நேர் பார்த்துக்கொண்டிருந்தாள்.

சொல்ல வேண்டியதை எத்தனை வருஷமாகச் சேர்த்து வைத்திருந்தான்! ஒன்றும் வரவில்லை.

தன் சத்தம் தனக்குக் கேட்காத லமாய், தியேட்டரே திரும்பிப் பார்க்கும்படி கத்தினாள்.

"சினிமாவுலதான் பேசுவியா? பேசுடா! பார்த்துக்கிட்டுத்தானே நிக்கிறேன்!"