பிசிறு

அருள்புரத்துப் பனியன் கம்பெனியில் சித்ரகலாவைப் பலர் இன்னும் பிசிறு என்றுதான் சொல்வார்கள். செக்கிங் டேபிளில் உட்கார்ந்து, தைத்த துணிகளில் பிசிறாகத் தொங்கும் நூலை வெட்டிக்கொண்டே அஞ்சல் வழியில் கம்ப்யூட்டர் படித்தவள். இப்போது சர்வர் அறை அவள் பொறுப்பு. அம்மா மயிலாத்தாள் அதே டேபிளில்தான் இருக்கிறாள்.

டிசைன் படங்களும் கேமரா பதிவுகளும் பெருகிப்போய் மாடியில் இன்னொரு சர்வர் அறை போட்டார்கள். இரண்டையும் இணைக்க என்ன கேபிள் வேண்டும் என்று மேனேஜர் சசிகுமார் கேட்டார். இவ்வளவு தகவல் போகிற வேகத்துக்குச் செம்புக் கேபிள் சில மீட்டர்தான் தாங்கும் என்றாள் சித்ரகலா. ஆக்டிவ் ஆப்டிகல் கேபிள் வாங்கலாம். உள்ளே கண்ணாடி இழை. இரண்டு முனையிலும் பிளக் பொருத்தியே வரும். வெட்டவும் முடியாது, ஒட்டவும் முடியாது.

"எத்தன மீட்டரு?"

"பதினஞ்சுங்க."

"டேப் புடிச்சுப் பாத்தேன். பத்துல முடியுது."

"உத்தரத்துகிட்ட வட்டமா வளைச்சுக் கொண்டுபோகோணுங்க சார். மடக்குனா உள்ள ஒடைஞ்சிரும்."

"துணியா இது, தண்ணீல போட்டாச் சுருங்கறதுக்கு?" சசிகுமார் சிரித்தார். "செரி வாங்கு. மிச்சம் தொங்குனா நீதான் பதில் சொல்லோணும்."

"சொல்றேனுங்க."

மிச்சத்தை வளையமாகச் சுற்றி மாடி அறைச் சுவரில் மாட்டினாள். வேலை முடிந்ததும் அம்மாவைக் கூட்டிப்போய்க் காட்டினாள்.

"தொட்டா ஷாக் அடிக்குமா கண்ணு?"

"இதுல கரண்டே இல்லம்மா. வெறும் வெளிச்சம்."

மயிலாத்தாள் அந்த ஆரஞ்சு வளையத்தைத் தடவிப் பார்த்தாள்.

ஆர்டர் கொடுக்கிற பையர் வருகிற அன்று கம்பெனி முழுக்கக் கூட்டித் துடைத்தார்கள். எங்கேயும் ஒரு நூல் தொங்கக் கூடாது என்று சசிகுமார் கத்திக்கொண்டிருந்தார். மாடியைச் சுத்தம் செய்ய மயிலாத்தாளை அனுப்பினார்கள். கீழே பையர் உட்கார்ந்து டிசைன் பார்க்கத் தொடங்கியதும் திரை அப்படியே நின்றுவிட்டது.

சித்ரகலா மாடிக்கு ஓடினாள். வளையம் இல்லை. அது இருந்த இடத்தில் கேபிளின் வெட்டுப்பட்ட இரண்டு முனைகளும் சேர்த்து முடியப்பட்டிருந்தன. நிட்டிங் மெஷினில் நூல் அறுந்தால் போடுகிற, அவிழாத முடிச்சு.

"பையர் மேல வந்து பாத்தா உன்னயத்தான சொல்லுவாங்க, இங்கயும் பிசிறுன்னு," என்றாள் மயிலாத்தாள். "அதான் வெட்டி முடிஞ்சுட்டேன். கரண்டு இல்லீன்னியே சாமி."

சசிகுமார் உள்ளே வந்தார்.

"யாரு வெட்டுனது?"

மயிலாத்தாள் வாயைத் திறக்கும் முன் சித்ரகலா அவள் மணிக்கட்டைப் பிடித்தாள்.

"நானுங்க."

அவர் மயிலாத்தாளின் கழுத்தில் தொங்கிய கத்தரியைப் பார்த்தார். மேற்கொண்டு விசாரிக்கவில்லை. அவள் ஒப்புக்கொண்டதே அவருக்குப் போதுமாக இருந்தது.

"பத்து வாங்கியிருந்தா தொங்கியே இருக்காதில்ல?"

சித்ரகலா வெட்டுப்பட்ட கேபிளைக் கழற்றத் தொடங்கினாள்.

பத்து மீட்டர் கேபிள் வந்தது. துணி காயப்போடும் கயிறு மாதிரி விறைத்து நின்றது. உத்தரத்தின் மூலையில் மடங்கித் திரும்பியது. "பாத்தீங்களா, ஒரு பிசிறு இல்ல," என்று சசிகுமார் வருகிறவர்களுக்கெல்லாம் காட்டினார். அது எந்த இடத்தில் உடையும் என்று சித்ரகலாவுக்குத் தெரியும். யாரும் கேட்கவில்லை. அவளைப் பழையபடி செக்கிங்குக்கு அனுப்பியிருந்தார்கள்.

எதிரே உட்கார்ந்திருந்த மயிலாத்தாள் ஒரு டீஷர்ட்டின் கழுத்தைத் திருப்பி நூலை வெட்டினாள். பிறகு, வேறு யாருக்கும் கேட்காத குரலில் சொன்னாள்:

"அவரு சொன்ன மாதிரி பத்தே வாங்கியிருக்கலாம் கண்ணு."