தேத்தண்ணிக் கோப்பையும் இடக்கையும்

தவரத்தினம் தேத்தண்ணிக் கோப்பையை இடக்கையால்தான் தூக்குவார். ஒரு மிடறு குடித்துவிட்டு, மேசையில் முதலில் பட்ட ஈரவட்டத்தின் மேலேயே திரும்ப வைப்பார். பாரிஸின் லா சப்பலில் தேத்தண்ணிக் கடை நடத்தும் இராஜேந்திரன், "அண்ணை, இஞ்சை ஆர் படம் பிடிக்கினம்?" என்று சீண்டாத நாளில்லை. "ரக்கோர் பிழைக்கப்படாது, தம்பி" என்பார் இவர். ஒரு காட்சியை எத்தனை தரம் எடுத்தாலும் கையும் கோப்பையும் மாறக்கூடாது, அதுதான் ரக்கோர். பெரிய நடிகர் பிழைவிட்டால் திரும்ப எடுப்பார்கள். துண்டு வேடம் போடும் இவர் பிழைவிட்டால் இவரை வெட்டிவிடுவார்கள்.

முப்பத்தைந்து வருடம், நாற்பத்தொரு பிரெஞ்சுப் படம். ரோசாப்பூ விற்றிருக்கிறார், கோப்பை கழுவியிருக்கிறார், ஏழு தரம் செத்திருக்கிறார். பாத்திரத்துக்கென்று பெயர் இருந்தது இரண்டே படத்தில். அதிலும் ஒன்று பாகிஸ்தான்காரரின் பெயர். ஆனாலும் மனுசன் படப்பிடிப்புக்கு ஒருநாளும் பிந்திப் போனதில்லை.

வசனம் பெரிதாக இருக்காது. "உன் மொழியில் ஏதாவது சொல்லு" என்பார்கள் இயக்குநர்கள். எவருக்கு விளங்கப் போகிறது? மனைவி இந்திராதேவிக்குச் சொல்ல வேண்டியதை அங்கே சொல்லிவிடுவார். ஒரு படத்தில், நெற்றியில் துப்பாக்கி வைத்த திருடனிடம், "தேவி, காஸ் அடுப்பை நிப்பாட்டினியே?" என்று நடுங்கி நடுங்கிக் கெஞ்சினார். பிரெஞ்சுக்காரர் எல்லாரும் மூச்சைப் பிடித்துக்கொண்டிருக்க, தியேட்டரில் தேவி மட்டும் வாயைப் பொத்திக்கொண்டு சிரித்தார். வீட்டில் வாய் திறக்காத மனுசன் திரையில் தன்னோடு கதைக்கிறாரே என்று அவருக்கு அவ்வளவு பெருமை.

ஒரு படத்தை மட்டும் தேவி பார்க்கவில்லை. இருபத்தாறு வருடத்துக்கு முன், அந்தப் படப்பிடிப்பில் இவர் நின்ற நாளில், தேவி ஆஸ்பத்திரியில் தன்னந்தனியாக வயிற்றுப் பிள்ளையை இழந்தார். தொலைபேசியில் செய்தி வந்தும் இவர் எழும்பிப் போகவில்லை. காட்சி பாதி எடுத்தாயிற்று. போனால் வேறொருவரைப் போட்டுவிடுவார்கள். அதற்காகத் தேவி சண்டை பிடிக்கவுமில்லை, அந்தப் படத்தின் பெயரைப் பிறகு சொல்லவுமில்லை. பாவி மனுசன், இவராவது வாய் திறந்தாரா? அதுவும் இல்லை. பின்னால் வந்த படங்களுக்குத் தேவி வழக்கம்போலப் போனார். சிரிப்புத்தான் குறைந்துவிட்டது.

போன மாதம் அந்தப் படத்தைப் புதுப்பித்து, தமிழில் வரும் வசனத்துக்கும் கீழே பிரெஞ்சு எழுத்துப் போடத் தீர்மானித்தார்கள். அதை எழுதும் பிரவீணா, தமிழ்நாட்டிலிருந்து படிக்க வந்த பெண், இவரைப் போனில் பிடித்தாள்.

"அங்கிள், மகனோட பிணத்தைப் பாத்து அழறீங்க. ஆனா 'தேவி'ன்னு கூப்பிடறீங்க. படத்துல அப்படி யாருமே இல்லையே? 'மகனே'ன்னு மாத்திடவா?"

"மாத்தாதேங்கோ, பிள்ளை" என்றார் இவர்.

போனை வைத்த கையோடு, "சனிக்கிழமை பின்னேரம் அந்தப் படம் போடுகினம், வாறியே?" என்று தேவியிடம் கேட்டுவிட்டார். சனிக்கிழமை வந்ததும் தேவி கோட்டை மாட்டிக்கொண்டு வாசலில் நின்றார்.

திரையில், தலை நரைக்காத தவரத்தினம் பிணத்தின் மேல் விழுந்து கதறினார். "தேவி, நான் வந்திருக்க வேணும். உன்னைத் தனிய விட்டிட்டன். என்னை மன்னிச்சுக்கொள்." கீழே எழுத்து ஓடியது. தேவிக்கு அந்த எழுத்துத் தேவைப்படவில்லை.

படம் விட்டு இருவரும் இராஜேந்திரனின் கடைக்கு வந்து அமர்ந்தார்கள்.

"இஞ்சருங்கோ, இதை அண்டைக்கே என்னட்டைச் சொல்லியிருக்கலாமே?"

"சொல்லத் தெரியேல்லை, தேவி. அங்கை சொல்லச் சொன்னாங்கள். சொன்னனான்."

"இருபத்தாறு வருசம்" என்றார் தேவி. மேசையில் கிடந்த அவருடைய இடக்கையை எடுத்துத் தன் இரண்டு கைகளுக்குள்ளும் பொத்திக்கொண்டார்.

இராஜேந்திரன் தேத்தண்ணியை வைத்துவிட்டுப் போனார். அது ஆறத் தொடங்கியது. தேவி கையை விடுவதாக இல்லை. தவரத்தினம் வலக்கையால் கோப்பையைத் தூக்கினார்.